பணிக்கொடையில் பிடித்தம் வராமல் தடுத்த விதம்

ஓய்வு பெற ஏழு மாதங்களே இருந்தபோது, ஒன்பது ஆண்டுகளாகத் தவறுதலாக வழங்கப்பட்டுவந்த ஊதிய உயர்வைப் பணிக்கொடையில் (ஓய்வின்போது மொத்தமாகத் தரும் தொகையில்) பிடிக்குமாறு, கணக்குத் தணிக்கையில் எழுந்த ஆட்சேபத்தைக் காட்டி, என்னிடம் விளக்கம் கேட்காமலேயே ஆணையிட்டார்கள். அந்த ஊதிய நிர்ணயத்தைச் செய்தது அலுவலகம். நான் எதையும் மறைக்கவில்லை.

முதலில் பணிப்பதிவேட்டின் நகலைப் பெற்று, மிகை ஊதியத்தைத் திருப்பித் தருவதாக எந்த உறுதிமொழியிலும் கையொப்பமிடவில்லை என்பதைப் பக்கம் பக்கமாகச் சரிபார்த்தேன். அத்தகைய உறுதிமொழி தந்தவரிடம் பிடித்தம் செல்லும் என்று 2016இல் ஜக்தேவ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருப்பதால், பலர் தடுக்கி விழும் இடம் இதுதான். பிறகு, ‘சி’, ‘டி’ பிரிவு (கீழ்நிலை) ஊழியர்கள், ஓராண்டுக்குள் ஓய்வு பெறுவோர், ஐந்தாண்டுகளுக்கு மேல் மிகை ஊதியம் பெற்றுவந்தோர் ஆகியோரிடம் பிடித்தம் கூடாது என்ற உச்ச நீதிமன்றத்தின் 2014ஆம் ஆண்டு ரஃபிக் மசி வழக்குத் தீர்ப்பை இணைத்து மனு அளித்தேன்.

பிடித்தம் செய்யும் ஆணை ரத்தானது. ஊதியத்தை மட்டும் திருத்தினார்கள்; ஓய்வூதியம் சற்றுக் குறைந்ததை நான் எதிர்க்கவில்லை, கணக்கில் தவறு இருந்தது உண்மைதானே.