ஃபெய் மூவின் படங்களை எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது?

பழைய சீன சினிமா பக்கம் போகிறவர்கள் ஃபெய் மூ என்ற இயக்குநரின் பெயரைக் கேட்டதும் வழக்கமாகச் செய்வது, அவருடைய படப் பட்டியலை எடுத்துவைத்துக்கொண்டு 1933இலிருந்து வரிசையாகப் பார்க்க உட்காருவது. அது நடக்காது. லியன்ஹுவா என்ற படக் கம்பெனிக்காக அவர் எடுத்த முதல் மூன்று படங்களும் இன்று இல்லை. மூன்றிலும் ருவான் லிங்யூ நடித்திருந்தார். 1935இல், 24 வயதில் இறந்துபோன அந்த மகத்தான நடிகையை ஃபெய் மூ எப்படிக் காட்டினார் என்பதை இனி யாரும் பார்க்க முடியாது. எனக்கு இது இன்னும் ஆறாத வருத்தம்.

அதனால் நான் சொல்வது, 1948இல் தொடங்கிப் பின்னோக்கிப் போங்கள். முதலில் பார்க்க வேண்டியது 'சிறு நகரத்தில் வசந்தம்'. 2005இல் ஹாங்காங் திரைப்பட விருது அமைப்பு தேர்ந்தெடுத்த நூறு சிறந்த சீனப் படங்களில் முதலிடம் இதற்குத்தான். ஆனால் அந்த முதலிடத்தை மனதில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தால் ஏமாந்துபோவீர்கள், ஏனென்றால் படத்தில் மொத்தம் ஐந்தே பேர், போரில் இடிந்துபோன ஒரு வீடு, பக்கத்தில் இடிந்த நகரக் கோட்டைச் சுவர், அவ்வளவுதான். நோயாளிக் கணவன் லீயென், அவன் மனைவி யூவென், கணவனின் தங்கை, ஒரு வயதான வேலைக்காரர். ஒருநாள் லீயெனின் பழைய நண்பன், ஒரு டாக்டர், விருந்தாளியாக வருகிறான். அவன்தான் யூவென் ஒரு காலத்தில் காதலித்தவன். இதற்கு மேல் கதை என்று பெரிதாக எதுவும் இல்லை.

பிரதி விஷயத்தில் கொஞ்சம் பொறுமை வேண்டும். இணையத்தில் சுலபமாகக் கிடைப்பவற்றில் பல மங்கல், சப்டைட்டிலும் அரைகுறை. சீனத் திரைப்பட ஆவணக் காப்பகம் புதுப்பித்த பிரதி எங்காவது கிடைக்குமா என்று தேடிப் பாருங்கள். இந்தப் படத்தில் ஒரு முகம் லேசாகத் திரும்புவதுதான் ஒரு சம்பவம், அது தெரியாவிட்டால் பார்த்துப் பிரயோஜனமில்லை. முதல்முறை நான் ஒரு மோசமான பிரதியில் பார்த்து இருபதாவது நிமிடத்தில் நிறுத்திவிட்டேன். நல்ல பிரதியில் மறுபடி பார்த்தபோது அது வேறு படமாகவே இருந்தது.

சரி, எப்படிப் பார்ப்பது? ஒரே படத்தை இரண்டு தடவை பாருங்கள்.

முதல் தடவை காதால் பாருங்கள். யூவெனின் குரல்தான் படத்தை நடத்திக்கொண்டு போகிறது. காய்கறிக் கூடையோடு, கணவனுக்கு மருந்தும் வாங்கிக்கொண்டு, கோட்டைச் சுவர் மேல் நடந்து வருகிறாள், நாள் தவறாமல் இதேதான் என்று சொல்கிறாள். நாம் கண்ணால் பார்ப்பதையே அவள் மறுபடி சொல்வதுபோல் முதலில் தோன்றும், இது எதற்கு என்றும் தோன்றும். கொஞ்சம் பொறுங்கள். டாக்டர் அந்த ஊருக்குள் வரும் இடத்தில் கவனியுங்கள், அவன் வருவதையும் அவளே சொல்கிறாள், ஆனால் அந்த நேரத்தில் அவள் அங்கே இல்லை, வருவது யார் என்று அவளுக்குத் தெரியவும் தெரியாது. அப்படியென்றால் இந்தக் குரல் எந்தக் காலத்திலிருந்து பேசுகிறது? எல்லாம் முடிந்த பிறகு நினைத்துப் பார்க்கிறாளா, அல்லது நடக்கும்போதே மனசுக்குள் பேசுகிறாளா? ஃபெய் மூ இதற்குப் பதில் சொல்வதில்லை. அந்தக் குரலில் ஒரு வகை மயக்கம் இருக்கிறது, அதைப் பிடித்துக்கொண்டே கடைசி வரை போங்கள்.

இரண்டாவது தடவை சத்தத்தைக் குறைத்துவிட்டுக் கண்ணால் மட்டும் பாருங்கள். ஒரே அறை, அதே ஆட்கள், நேரமும் பெரிதாக நகரவில்லை, ஆனால் ஒரு ஷாட்டிலிருந்து அடுத்த ஷாட்டுக்கு அவர் கட் செய்யாமல் டிசால்வ் செய்வார், அதாவது ஒரு ஷாட் மங்க மங்க அடுத்தது அதன் மேலேயே தெளிந்து வரும். அந்தக் காலத்தில் பொதுவாக டிசால்வ் என்றால் நேரம் கடந்துவிட்டது என்று பொருள். இவர் அதை ஒரே காட்சிக்குள் வைக்கிறார். மூச்சை இழுத்து விடுவதுபோல் காட்சி இன்னொரு காட்சிக்குள் கரைகிறது. 1934லேயே அவர் ஒரு சிறு கட்டுரையில் படத்துக்குள் 'காற்று' உருவாக வேண்டும் என்று எழுதியிருந்தார், பார்ப்பவனை அந்தக் காற்றுதான் உள்ளே இழுத்துக்கொள்ளும் என்பது அவர் எண்ணம். பதினான்கு வருஷம் கழித்து அதை இங்கே செய்து காட்டியிருக்கிறார்.

இந்தப் படத்தில் ஒரே ஒரு காட்சியைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பாருங்கள் என்றால் நான் சொல்வது தங்கையின் பிறந்தநாளை. அவளுக்குப் பதினாறு வயது ஆகிறது. எல்லோரும் மேசையைச் சுற்றி உட்கார்ந்து விரல் காட்டி ஆடும் ஆட்டம் ஆடுகிறார்கள், தோற்றவர் குடிக்க வேண்டும். யூவென் சிரிக்கிறாள், வெகுநாளாக அந்த வீட்டில் யாரும் கேட்காத சிரிப்பு. நீங்கள் அவளைப் பார்க்காமல் லீயெனைப் பாருங்கள். மனைவி இப்படிச் சிரிப்பாள் என்பதையே அவன் மறந்துபோயிருக்கிறான், இப்போது எல்லாம் புரிகிறது, ஒரு வார்த்தை பேசாமல் அது முகத்தில் வந்துவிடுகிறது. அதே இரவு அவள் டாக்டரின் அறைக்குப் போகிறாள். அவன் அவளைத் தூக்குகிறான், உடனே இறக்கிவிட்டு வெளியே போய்க் கதவைப் பூட்டுகிறான், அவள் கதவுக் கண்ணாடியைக் கையால் உடைக்கிறாள். பிறகு அந்தக் கைக்குக் கட்டுப் போடுகிறவனும் அவனே. யூவெனாக நடித்த வெய் வெய் கையில் சால்வையை வைத்துக்கொண்டு நிற்கிற விதத்தில், நடக்கிற விதத்தில், சீன இசை நாடக மேடையின் சாயல் தெரியும். அது தற்செயல் இல்லை.

அந்தச் சாயலைப் புரிந்துகொள்ள அதே வருஷத்து இன்னொரு படத்துக்குப் போங்கள். மெய் லான்ஃபாங், பெண் வேடத்துக்குப் பேர்போன பெய்ஜிங் ஆபரா என்ற இசை நாடகக் கலைஞர், அவரை வைத்து ஃபெய் மூ எடுத்த 'ஷெங் ஸி ஹென்'. சீனாவின் முதல் வண்ணப்படம் இதுதான். 16 மில்லிமீட்டரில் எடுத்துப் பெரிதாக்கியதால் நிறம் சரியாக வரவில்லை, முழுதாகப் பார்க்கப் பொறுமை வேண்டும், பாதி பார்த்தாலும் போதும். மேடைக் கலையைக் கேமராவுக்கு எப்படிக் கொண்டுவருவது என்று இவர் எவ்வளவு மெனக்கெட்டார் என்பது தெரிந்துவிடும்.

அப்புறம் 'கன்ஃபூசியஸ்', 1940. ஷாங்காயைச் சுற்றி ஜப்பானியப் படை, நடுவே வெளிநாட்டுக் குடியிருப்புப் பகுதி மட்டும் தனித் தீவுபோல் நின்ற காலத்தில் எடுத்தது. பல பத்தாண்டுகள் தொலைந்துபோனதாகவே நினைத்திருந்தார்கள். 2001இல் பெயர் சொல்லாத ஒருவர் ஹாங்காங் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு ஒரு பிரதியைக் கொடுத்தார், புதுப்பித்து 2009இல் திரையிட்டார்கள். நாடே சிதறிக் கிடக்கும்போது ஓர் ஆசிரியர் ஊர் ஊராக அலைகிற கதையை அவர் ஏன் எடுத்தார் என்று யாரும் விளக்க வேண்டியதில்லை. 1941 கடைசியில் அந்தத் தீவும் ஜப்பானியர் கைக்குப் போனதும் ஃபெய் மூ மேடை நாடகத்துக்குப் போய்விட்டார்.

1936இல் வந்த 'ஓநாய் மலை' படத்தை வேகமாகப் பார்த்துவிடலாம். ஊரைத் தாக்கும் ஓநாய்கள் என்றால் ஜப்பானியர், அன்றைய தணிக்கைக்கு நடுவே அப்படித்தான் சொல்ல முடிந்தது. 1935இன் 'தியன் லுன்' லுவோ மிங்யூவோடு சேர்ந்து இயக்கியது, அமெரிக்காவில் வெட்டிக் குறைத்து ஓட்டிய வடிவம்தான் மிஞ்சியிருக்கிறது. அதை வைத்து முழுப் படத்தை எடைபோடாதீர்கள்.

1949இல் அவர் ஹாங்காங் போனார். நண்பர் ஜு ஷிலினோடு சேர்ந்து லோங்மா என்ற தயாரிப்புக் கம்பெனியைத் தொடங்கினார். 1951 ஜனவரியில், 44 வயதில், மாரடைப்பில் போய்விட்டார். 'சிறு நகரத்தில் வசந்தம்' சோர்வான படம், காலத்துக்குப் பொருந்தாதது என்று இடதுசாரி விமர்சகர்கள் ஒதுக்கியிருந்தார்கள், 1980களில்தான் அது மறுபடி வெளிச்சத்துக்கு வந்தது. அவர் அதைப் பார்க்கவில்லை. வெய் வெய் பார்த்தார், 2023 வரை வாழ்ந்தார்.

தியன் ஜுவாங்ஜுவாங் 2002இல் இதே கதையை வண்ணத்தில் மறுபடி எடுத்தார். அதில் யூவெனின் குரலை எடுத்துவிட்டார். அந்தப் படத்தையும் பாருங்கள், குரல் போனதும் என்னவெல்லாம் கூடவே போகிறது, என்ன புதிதாக வருகிறது என்று பாருங்கள்.

இவ்வளவும் முடித்தபின் 1948 படத்தின் முதல் நிமிடத்தை மட்டும் மறுபடி போடுங்கள். கோட்டைச் சுவரை ஒட்டி மூன்று பேர் ஊரைவிட்டு நடந்து போகிறார்கள். முதல் தடவை அவர்கள் யாரென்று உங்களுக்குத் தெரிந்திருக்காது.