பாதி போன கல்வட்டத்தை அளப்பது எப்படி

மதுரைக்கு மேற்கே உசிலம்பட்டி, ஆண்டிபட்டிப் பக்கத்து மானாவாரிக் காடுகளில் முழுசாக நிற்கும் கல்வட்டம், அதாவது பழங்காலப் புதைகுழியைச் சுற்றி வட்டமாக நட்ட கற்கள், அபூர்வம். பாதிக் கற்கள் வரப்புக்குப் போயிருக்கும். மிஞ்சிய கற்களை வைத்தே முழு விட்டத்தையும் கணக்கிடலாம்.

அது கல்வட்டம்தானா என்று முதலில் பாருங்கள். ஆட்டுப்பட்டிக் கற்கள் மண்மேல் உட்கார்ந்திருக்கும். கல்வட்டக் கற்களின் அடி மண்ணுக்குள் இறங்கியிருக்கும். உள்ளே சரளையும் சிறுகல்லும் லேசாக மேடுகட்டி நிற்கும். நடுவில் பலகைக்கல்லின் விளிம்பு தெரிந்தால் அது கல்பதுக்கை, பலகைக்கற்களைப் பெட்டிபோல் நிறுத்திய புதைகுழி. தெரியாவிட்டால் அடியில் முதுமக்கள் தாழி இருக்கலாம். மதுரையை ஒட்டிய பரவையிலும் அனுப்பானடியிலும் தாழிகள் கிடைத்த மண்தானே இது.

சீமைக்கருவேலத்தை அரிவாளால் வெட்டுங்கள், பிடுங்காதீர்கள். வேரோடு கல்லும் பெயர்ந்து வரும்.

30 மீட்டர் டேப், நைலான் கயிறு, திசைகாட்டி, இரண்டு ஆள் போதும். இடம் மாறாத கற்களை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். சாய்ந்த கல்லென்றால் தலையை விட்டுவிட்டு அடியில் அளக்க வேண்டும். மிஞ்சிய வளைவின் இரு கோடியிலுள்ள கற்களின் வெளிமுகத்தைத் தொட்டுக் கயிற்றை இழுத்துக் கட்டுங்கள். இது நாண். அதன் நடுவிலிருந்து செங்குத்தாக வளைவின் வெளிமுகம் வரை உள்ள தூரம் உயரம். நாணின் வர்க்கத்தை உயரத்தின் எட்டு மடங்கால் வகுத்து, அதோடு உயரத்தில் பாதியைக் கூட்டினால் ஆரம். நாண் 6 மீ., உயரம் 1 மீ. என்றால் 36-ஐ 8-ஆல் வகுக்க 4.5, அரை கூட்ட, ஆரம் 5 மீ., விட்டம் 10 மீ.

சறுக்கல் வருவது உயரத்தில்தான். இதே 6 மீ. நாணில் உயரத்தை 10 செ.மீ. கூட்டி அளந்தால் விட்டம் 70 செ.மீ. குறைந்துவிடும். அதே வட்டத்தில் 9 மீ. நாண் கிடைத்தால் அதே தவறு 15 செ.மீ.தான் கெடுக்கும். ஆகவே கிடைக்கிற நீளமான நாணையே பிடியுங்கள். வேறு இரண்டு கற்களை வைத்து இன்னொரு முறை போட்டுப் பாருங்கள். இரண்டு ஆரமும் ஒத்துவராவிட்டால் ஏதோ ஒரு கல் நகர்ந்திருக்கிறது, இல்லையேல் வட்டமே நீள்வட்டம்.

வடக்கிலிருந்து வலஞ்சுழியாகக் கற்களுக்கு எண் கொடுங்கள், நோட்டில் மட்டும். கல்லில் சாக்பீஸ் வேண்டாம். திசைகாட்டிக்குச் செல்போனை நம்பினால் காந்தம் வைத்த உறையைக் கழற்றிவிடுங்கள். ஊர், புல எண், அளவுகோல் வைத்த படம் மூன்றும் கட்டாயம். கருப்பு-சிவப்புப் பானை ஓடு கிடந்தால் கிடந்த இடத்தையும் குறித்துவிட்டு, ஓட்டை அங்கேயே விடுங்கள்.

நடுவில் புதிதாகத் தோண்டிய குழி இருந்தால் புதையல் தேடியவர்கள் வேலை. அதையும் அளந்து, கிராம நிர்வாக அலுவலரிடமும் தொல்லியல் துறையிடமும் சொல்லுங்கள். இருப்பிடத்தை வாட்ஸ்அப் குழுவில் போடாதீர்கள்.