வியட்நாம் ஐஸ் காபி வீட்டில் ஏன் தண்ணீராகிப் போகிறது?

சைகோனில் பழைய பாணிக் காபிக்கடை ஒன்றில் உட்கார்ந்து 'கா ஃபே சுவா டா' என்று கேட்டால், காபி உடனே கைக்கு வராது. அடியில் இரண்டு விரல் உயரத்துக்குக் கண்டென்ஸ்டு மில்க் ஊற்றிய சின்னக் கண்ணாடி டம்ளர் வரும். அதன் மேல் தொப்பி போல ஒரு அலுமினிய வடிகட்டி உட்கார்ந்திருக்கும். பக்கத்தில் ஐஸ் நிரம்பிய உயரமான இன்னொரு டம்ளர். காபி சொட்டுச் சொட்டாக இறங்கி முடிய ஐந்து நிமிடம் ஆகும். அதற்கப்புறம் நீங்களே கரண்டியால் நன்றாகக் கலக்கி, ஐஸின் மேல் ஊற்றிக் குடிக்க வேண்டும். சுவா என்றால் பால். டா என்றால் ஐஸ். கல்லுக்கும் அவர்கள் மொழியில் அதே சொல்தான். வடக்கே ஹனோய்ப் பக்கம் போனால் இதே காபிக்கு 'நவ் டா' என்று பெயர். நவ் என்றால் பழுப்பு நிறம்.

காபி, கண்டென்ஸ்டு மில்க், ஐஸ் என்று மூன்றே பொருள்தான். அப்படியிருந்தும் வீட்டில் செய்யும்போது வெளிறிப்போன இனிப்புத் தண்ணீர்தான் பலருக்கும் கிடைக்கிறது. எனக்கும் முதல் இரண்டு வாரம் அப்படித்தான் வந்தது. வடிகட்டி சரியில்லையோ, தூள் பழசோ என்று என்னென்னவோ மாற்றிப் பார்த்தேன். ஐஸ் உருகப்போகிறது என்பதை முதலிலேயே கணக்கில் வைத்து இறக்கும் காபி இது என்று புரிந்த பிறகுதான் சுவை கைக்கு வந்தது. கீழே சொல்லும் தவறுகளில் பெரும்பாலானவை இந்தக் கணக்கை மறப்பதால் வருபவை.

தண்ணீரைக் கூட்டுவது

எல்லாவற்றிலும் பெரிய தவறு இதுதான். அந்த வடிகட்டிக்கு 'ஃபின்' என்று பெயர். சின்ன ஃபினில் விளிம்பு வரை நிரப்பினால் ஏறக்குறைய 120 மில்லி தண்ணீர் பிடிக்கும். இரண்டு கரண்டி தூளைப் போட்டு, அது காலியாகக் காலியாகத் தண்ணீர் ஊற்றி, ஒரு டம்ளர் நிறையக் காபி எடுக்கத்தான் கை போகும். காரணம், நமக்குக் காபி என்றால் ஒரு டம்ளர் நிறைய இருக்க வேண்டும்.

இங்கே தேவை வெறும் 60 மில்லி டிகாஷன். அதற்கு 20 முதல் 25 கிராம் தூள், மொத்தமாக 100 முதல் 110 மில்லி தண்ணீர் போதும். காபித்தூள் தன் எடையைப்போல் இரண்டு மடங்கு தண்ணீரைத் தன்னிடமே பிடித்து வைத்துக்கொள்ளும். 22 கிராம் தூள் 45 மில்லிக்குக் குறையாமல் குடித்துவிட்டு மிச்சத்தைத்தான் கீழே விடும். அதனால் டம்ளரில் இறங்கியிருப்பது குறைவாகத் தெரிகிறதே என்று இன்னொரு முறை தண்ணீர் ஊற்றாதீர்கள். இரண்டாவது ஊற்றலில் வருவது மெலிந்த கசப்பு மட்டும்தான்.

பாலில் கலக்கும் முன் அந்த டிகாஷனை ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பாருங்கள். 'இதை எப்படிக் குடிப்பது!' என்று தோன்றினால் அது சரியான டிகாஷன். அப்படியே குடிக்க இதமாக இருந்தால், பாலும் ஐஸும் சேர்ந்த பத்து நிமிடத்தில் அதில் காபியே இருக்காது.

தூள்

வியட்நாமுக்குக் காபிச் செடி 1857-இல் பிரெஞ்சுப் பாதிரியார்கள் வழியாகப் போய்ச் சேர்ந்தது. இன்று பிரேசிலுக்கு அடுத்தபடியாக உலகில் அதிகம் காபி விளைவிக்கும் நாடு அது. விளைவதில் மிகப் பெரும்பகுதி ரோபஸ்டா. நாட்டின் நடுவே உள்ள மேட்டுநிலத்தில், டாக் லாக் மாகாணத்தின் பூவன் மா துவோட் நகரைச் சுற்றியுள்ள செம்மண் பூமிதான் அதன் மையம். 1986-இல் பொருளாதாரச் சீர்திருத்தம் தொடங்கிய பிறகு அந்தத் தோட்டங்கள் மிக வேகமாகப் பெருகின. அராபிக்காவும் உண்டு. தலாத் போன்ற குளிர்ந்த மலைப்பகுதிகளில் கொஞ்சம் விளைகிறது.

இந்தப் பானம் ரோபஸ்டாவைச் சுற்றி உருவானது. ரோபஸ்டா கசப்பானது, கனமானது, புளிப்புக் குறைந்தது. அதைக் கருகருவென்று வறுப்பார்கள். வறுக்கும்போது வெண்ணெய் சேர்க்கும் பழக்கமும் அங்கே நெடுநாளாக இருக்கிறது. அந்தக் கசப்புதான் கண்டென்ஸ்டு மில்க்கின் திகட்டும் இனிப்பை இழுத்துப் பிடித்து நிறுத்துகிறது. விலை உயர்ந்தது, மணமாக இருக்கிறது என்று லேசாக வறுத்த அராபிக்காவை வாங்கிப் போட்டால், அதன் பழப்புளிப்பு பாலோடு சேர்ந்து ஒவ்வாத ஒரு சுவை வரும். அந்தத் தூளைக் கறுப்பாகவே குடித்தால் அருமையாக இருந்திருக்கும். இடம் மாறியதால்தான் கெட்டது.

வியட்நாம் தூள் கிடைக்காவிட்டால் வருத்தப்பட வேண்டாம். இந்தியாவிலும் அராபிக்காவைவிட ரோபஸ்டாதான் அதிகம் விளைகிறது. வயநாட்டிலும் குடகிலும் நல்ல ரோபஸ்டா இருக்கிறது. காபிக்கொட்டை வறுத்து அரைக்கும் கடையில் 'ரோபஸ்டா மட்டும், நல்லா கறுப்பா வறுத்தது, சிக்கரி வேண்டாம்' என்று கேட்டு வாங்குங்கள்.

சிக்கரி பாவம் ஒன்றுமில்லை. 1975-க்குப் பிறகு அமெரிக்காவில் குடியேறிய வியட்நாமியர் பலர், தங்கள் ஊர்ச் சுவைக்கு நெருக்கமாக இருந்தது என்று நியூ ஆர்லியன்ஸின் சிக்கரி கலந்த தகரடப்பாக் காபியைத்தான் ஃபினில் போட்டார்கள். அங்கே பல வீடுகளில் இன்றும் அதுவே வழக்கம். ஆனால் நம் ஊரில் 30, 40 சதவீதம் சிக்கரி கலந்து மாவாக அரைத்து விற்கும் தூள் ஃபினுக்குள் போனால் களிபோல் ஊறிக்கொண்டு ஓட்டைகளை அடைத்துவிடும். டிகாஷன் பார்க்கக் கறுப்பாக இருக்கும். காபியின் பலம் இருக்காது.

இன்ஸ்டன்ட் தூளில் செய்வதைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. அதுவும் குளிர்ந்த இனிப்புப் பானம்தான். ஆனால் இதுவல்ல அது.

அரைப்பு, அமுக்குத் தட்டு, பொறுமை

ஃபினுக்குத் தூள் ரவை பதத்தில் இருக்க வேண்டும். நம் பித்தளை ஃபில்டருக்கு அரைப்பதைவிடச் சற்றுக் கொரகொரப்பு. மாவாக இருந்தால் பாதி டம்ளருக்குள் இறங்கிவிடும், மீதி ஓட்டையை அடைக்கும். நொய் அளவுக்குப் பெரிதாக இருந்தால் தண்ணீர் நிற்காமல் ஓடிவிடும்.

பதம் சரியா என்று கண்டுபிடிக்கக் கடிகாரம் போதும். தண்ணீர் முழுக்க ஊற்றிய ஒரு நிமிடத்துக்குள் சொட்டத் தொடங்கி, நாலைந்து நிமிடத்தில், போனால் ஆறு நிமிடத்தில் முடிய வேண்டும். இரண்டே நிமிடத்தில் முடிந்தால் அடுத்த முறை இன்னும் கொஞ்சம் நைசாக அரையுங்கள். எட்டு நிமிடமாகியும் மேலே தண்ணீர் தேங்கி நின்றால் இன்னும் பெரிதாக அரையுங்கள். ஆறிப்போன தண்ணீர் தூளிலேயே ஊறி ஊறி இறங்கும் காபியில் ஒரு மட்டமான கசப்பு வரும். ரோபஸ்டாவின் நல்ல கசப்பு வேறு.

அமுக்குத் தட்டில்தான் ஆர்வக்கோளாறு நடக்கும். ஃபினில் இரண்டு வகை. ஒன்றில் தட்டு தன் எடையிலேயே தூளின் மேல் உட்காரும். இன்னொன்றில் நடுவே ஒரு திருகாணி இருக்கும். முதல் வகையில் தட்டை மெல்ல வைத்துவிட்டுக் கையை எடுத்துவிட வேண்டும், விரலால் அழுத்தக்கூடாது. திருகாணி வகையில் தட்டு தூளைத் தொடும்வரை திருகிவிட்டு, அரைச் சுற்றுப் பின்னால் விட வேண்டும். தூள் நனைந்ததும் உப்பும். உப்புவதற்கு இடம் இல்லாமல் இறுக்கி வைத்தால் தண்ணீர் வழி தெரியாமல் நின்றுவிடும், அல்லது ஓரமாகப் பிளந்துகொண்டு ஓடும். புதிதாக வாங்குபவர்களுக்குத் தட்டு தன் எடையில் உட்காரும் வகையைத்தான் சொல்வேன். தவறு செய்ய அதில் வாய்ப்புக் குறைவு.

அந்த உப்பலுக்கு நேரம் கொடுப்பதும் முக்கியம். முதலில் 25 மில்லி வெந்நீர் மட்டும் ஊற்றி அரை நிமிடம் விடுங்கள். வறுத்த கொட்டைக்குள் அடைபட்டிருக்கும் கரியமில வாயு அப்போது வெளியேறும். வாயு உள்ளே இருக்கும்வரை அது தண்ணீரைத் தள்ளிக்கொண்டே இருக்கும். அரை நிமிடம் கழித்து மீதித் தண்ணீரை ஊற்றி மூடி போடுங்கள்.

தண்ணீர் கொதித்து இறக்கிய அரை நிமிடத்துக்குள் இருக்க வேண்டும். கணக்காகச் சொன்னால் 92 முதல் 96 டிகிரி. ஃபின் மெல்லிய உலோகம், அடுக்களை மேடையில் சில்லென்று கிடக்கும். தூள் போடும் முன் அதை ஒரு தடவை வெந்நீரில் அலசிச் சூடாக்கித் துடைத்துவிடுங்கள். வெதுவெதுப்பான தண்ணீரை ஊற்றிவிட்டு 'காபி இறங்கவே இல்லை' என்று தூளைக் குறை சொல்பவர்களைப் பார்த்திருக்கிறேன்.

ஃபின் இல்லையா? வீட்டிலிருக்கும் ஃபில்டரே நன்றாக உதவும். இரண்டுமே தண்ணீர் தன் எடையில் தூள் வழியே இறங்கும் உலோக வடிகட்டிகள்தான். ஆனால் இரவு இறக்கிக் காலையில் எடுக்கும் பழைய டிகாஷன் வேண்டாம். அது ஆறிப்போயிருக்கும். கண்டென்ஸ்டு மில்க்கைக் கரைக்கச் சூடு வேண்டும்.

பாலும் ஐஸும், எது முதலில்

பசும்பாலும் சர்க்கரையும் போட்டால் என்ன என்று கேட்பார்கள். பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட காலத்தில் அந்த வெப்பத்தில் பசும்பால் கிடைப்பதும் அரிது, கெடாமல் நிற்பதும் அரிது. டப்பாவில் வந்த கண்டென்ஸ்டு மில்க்தான் கைகொடுத்தது. வேறு வழியில்லாமல் வந்தது சுவையாகவே நிலைத்துவிட்டது. அதன் கெட்டித்தன்மைதான் ஐஸ் உருகினாலும் காபிக்கு உடம்பைத் தருகிறது. பசும்பாலில் பெரும்பகுதி தண்ணீர். ஏற்கெனவே தண்ணீராகப்போகும் ஒன்றில் இன்னும் தண்ணீரைச் சேர்ப்பானேன்?

வாங்கும்போது டப்பாவைத் திருப்பிப் படியுங்கள். பாலும் சர்க்கரையும் மட்டும் இருப்பது கண்டென்ஸ்டு மில்க். பார்க்க அதேபோல இருக்கும் சில டப்பாக்களில் தாவர எண்ணெய் சேர்த்திருப்பார்கள்; குளிரில் அது நாக்கில் ஒட்டும். 'எவாப்பரேட்டட்' என்று இருப்பது இனிப்பில்லாத வேறொரு பால். அளவு இரண்டு மேசைக்கரண்டி, அதாவது 40 கிராம் போதும். அதிலேயே 20 கிராமுக்கு மேல் சர்க்கரை இருக்கிறது, தனியாகச் சர்க்கரை வேண்டவே வேண்டாம்.

அடுத்ததுதான் நிறையப் பேர் தடுமாறும் இடம். அழகாக இருக்கிறது என்று ஐஸ் நிரம்பிய டம்ளரின் மேல் நேராக ஃபினை வைத்துவிடுகிறார்கள். சொட்டும் ஒவ்வொரு துளியும் விழுந்தவுடன் குளிர்ந்துவிடும். அடியில் இருக்கும் கண்டென்ஸ்டு மில்க் குளிரில் பிசின்போல இறுகிக்கொள்ளும். அப்புறம் எவ்வளவு கலக்கினாலும் அது கரையாது. மேலே கசப்புத் தண்ணீர், அடியில் பால்கட்டி. போதாததற்கு ஐந்து நிமிடமாக ஐஸ் வேறு உருகிக்கொண்டிருக்கும்.

பால் முதலில், அதன் மேல் சூடான காபி, உடனே அடி வரை கரண்டியை விட்டு ஒரே நிறமாகும்வரை கலக்கல், கடைசியில் ஐஸ். இந்த வரிசையை மாற்றவே கூடாது. படங்களில் பாலும் காபியும் இரண்டு அடுக்காக நிற்பதைப் பார்த்து அப்படியே உறிஞ்சுபவர்களுக்கு முதலில் கசப்பும் முடிவில் வெறும் இனிப்பும்தான் கிடைக்கும்.

ஐஸை டம்ளர் நிறையப் போடுங்கள். நாலு கட்டி போட்டால் சீக்கிரம் உருகாது என்று நினைப்பது தப்பு. கொஞ்சமாகப் போட்ட ஐஸ் சூட்டில் உடனே கரைந்துவிடும். காபி குளிரவும் செய்யாது, நீர்த்தும் போகும். நிறையப் பெரிய கட்டிகள் இருந்தால் ஒன்றை ஒன்று காத்துக்கொள்ளும். ஃப்ரிட்ஜில் மீனும் குழம்பும் இருந்த வாடை ஐஸில் ஏறியிருக்கிறதா என்றும் பாருங்கள். இந்தக் காபியில் பாதி ஐஸ்தான்.

எத்தனை டம்ளர்

ரோபஸ்டாவில் அராபிக்காவைப்போல ஏறக்குறைய இரண்டு மடங்கு கஃபீன் இருக்கிறது. டம்ளர் சின்னது, இனிப்பாக இருக்கிறது, குளிர்ச்சியாக இறங்குகிறது என்று அடுத்தடுத்து இரண்டு குடித்தால் நெஞ்சு படபடக்கும், இரவுத் தூக்கம் போகும். ஆரோக்கியமான பெரியவர்களுக்கு ஒரு நாளைக்கு 400 மில்லிகிராம், கர்ப்பிணிகளுக்கு 200 மில்லிகிராம் கஃபீன் வரை என்பது ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு அமைப்பு சொல்லும் அளவு. 22 கிராம் ரோபஸ்டாவில் இறக்கிய ஒரே டம்ளர் அந்த 200-ஐத் தாண்டிவிடக்கூடும். கர்ப்பிணிகளும் இதய நோய் உள்ளவர்களும் மருத்துவரிடம் கேட்டுக்கொள்வது நல்லது. இது காலையிலோ மதியத்திலோ குடிக்க வேண்டிய காபி.

கொஞ்சம் லேசாக வேண்டும் என்பவர்களுக்குச் சைகோனிலேயே ஒரு வழி இருக்கிறது: 'பாக் ஸீயு'. அங்கே வாழும் சீனர்களிடமிருந்து வந்த பானம். பால் நிறைய, காபி கொஞ்சம். கா ஃபே சுவா டாவைத் தண்ணீர் விட்டு மெலிப்பதற்குப் பதில் இதைச் செய்யலாம். டிகாஷன் பாதி, கண்டென்ஸ்டு மில்க்கோடு கொஞ்சம் பசும்பாலும். பசும்பாலுக்கு இங்கே இடம் உண்டு.

ஃபினைக் குடித்த கையோடு கழுவிவிடுங்கள். எண்ணெய்ப் பிசுக்கு காய்ந்தால் அடுத்த காபியில் சிக்கு வாடை அடிக்கும். மாதம் ஒரு முறை வெளிச்சத்துக்கு எதிராகத் தூக்கிப் பிடித்துப் பார்த்தால் எத்தனை ஓட்டை அடைத்திருக்கிறது என்று தெரிந்துவிடும். வெந்நீரில் ஊறவைத்துப் பழைய பல்துலக்கியால் தேய்த்தால் போதும்.

வேகமாகக் குடித்து முடிப்பதும் ஒரு தவறுதான். சைகோன் கடைகளில் காபியோடு 'ச்சா டா' என்று ஒரு டம்ளர் லேசான ஐஸ் டீயும் கேட்காமலே வைப்பார்கள். காபியை ஒரு வாய், டீயை ஒரு வாய் என்று மாற்றி மாற்றி, தெருவைப் பார்த்துக்கொண்டு குடிப்பார்கள். காபி முடிந்த பிறகும் டம்ளரில் ஐஸ் மிச்சம் இருக்கும். அதன் மேலேயே அந்த டீயை ஊற்றினால், ஒட்டியிருக்கும் காபியும் பாலும் கரைந்து லேசான பழுப்பில் இன்னொரு பானம் கிடைக்கும். வீட்டில் ஃபின் சொட்டிக்கொண்டிருக்கும் அந்த ஐந்து நிமிடத்தில் கொஞ்சம் மல்லிகை டீ போட்டு ஆற வையுங்கள்.