எல்லைப் படங்களில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

நாட்டெல்லையில் நடக்கும் சினிமாக் கதை என்றதும் எழுதுபவர் மனதில் வந்து நிற்பவை முள்வேலி, துப்பாக்கி, தேடுவிளக்கு. அங்கேயும் உலை கொதிக்கும், கல்யாணம் நடக்கும், மாடு மேயும் என்பது பலருக்குத் தோன்றுவதே இல்லை.

வேலியையே எல்லை என்று நினைத்துக்கொள்வதுதான் பெரிய தவறு. இந்திய, வங்கதேச எல்லையில் பல இடங்களில் வேலி எல்லைக்கோட்டிலிருந்து சுமார் 150 கெஜம் இந்தியாவுக்குள் தள்ளி நிற்கிறது. எல்லைக்கோட்டை ஒட்டிப் பாதுகாப்புக் கட்டுமானம் கூடாது என்று 1975இல் இரு நாடுகளும் செய்துகொண்ட ஏற்பாடு அதற்குக் காரணம். இதனால் ஒரு விவசாயியின் வீடு வேலிக்கு இந்தப் பக்கம், வயல் அந்தப் பக்கம் என்று ஆகிவிடுகிறது. இரண்டுமே இந்தியாதான். வயலுக்குப் போக, கேட் திறக்கும் வரை காத்திருந்து, காவலரிடம் அடையாள அட்டையைக் காட்ட வேண்டும். சாயங்காலம் கேட் மூடுவதற்குள் திரும்பிவிட வேண்டும். அறுத்த கதிர் பாதி வயலிலேயே கிடக்கிறது, மழை கறுத்துக்கொண்டு வருகிறது, கேட் மூட இன்னும் பத்து நிமிடம். ஒரு காட்சிக்கு இதைவிட என்ன பதற்றம் வேண்டும்?

அப்புறம் நிறம். 2000இல் வந்த ‘டிராஃபிக்’ என்ற ஹாலிவுட் படத்தில் மெக்சிகோ காட்சிகளுக்கு மட்டும் மஞ்சள் சாயம் ஏற்றியிருப்பார்கள். வெவ்வேறு கதைகளைப் பிரித்துக் காட்ட அங்கே அது ஓர் உத்தி. இன்று அதுவே பழக்கமாகி, எல்லைக்கோட்டைத் தாண்டினாலே வானம் அழுக்காகிவிடுகிறது. அந்தப் பக்கத்து மனிதர் வாய் திறக்கும் முன்பே பார்ப்பவருக்கு அவர்மேல் சந்தேகம் வந்துவிடுகிறது. இது எனக்கு மிகவும் வருத்தம் தரும் விஷயம்.

மொழியிலும் கவனம் வேண்டும். பஞ்சாபில் இரு பக்கமும் பஞ்சாபி, வங்காளத்தில் இரு பக்கமும் வங்காளி. பேச்சு ஊருக்கு ஊர் கொஞ்சம் கொஞ்சமாக மாறுமே தவிர, வேலியைக் கண்டதும் சட்டென்று மாறாது.

எல்லா எல்லையும் ஒன்றுபோல் இருப்பதும் இல்லை. பெல்ஜியமும் நெதர்லாந்தும் பின்னிக் கிடக்கும் பார்லே ஊரில் கோடு வீடுகளுக்குள்ளேயே ஓடுகிறது. வாசற்கதவு எந்த நாட்டில் இருக்கிறதோ, வீடும் அந்த நாட்டுக் கணக்கு.

இந்தப் படங்களின் கதாபாத்திரங்களோ எப்போதும் கடத்தல்காரர், உளவாளி, இல்லையென்றால் அழுதுகொண்டே இருக்கும் அகதித் தாய். எழுத உட்காரும் முன் ஓர் எல்லையூரில் சில நாள் தங்கிப் பாருங்கள். கேட் எத்தனை மணிக்குத் திறக்கும், அந்தப் பக்கம் கட்டிக்கொடுத்த அக்காவை எப்போது கடைசியாகப் பார்த்தார்கள், நடுராத்திரியில் பிரசவ வலி எடுத்தால் யாரை எழுப்புவார்கள் என்று கேளுங்கள்.