மௌனப்பட நகைச்சுவைத் தந்திரங்கள்: பார்க்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

அமெரிக்க மௌனப்பட நகைச்சுவை நடிகரும் இயக்குநருமான பஸ்டர் கீட்டனின் குறும்படங்களைப் பார்க்கும் பலரும் "எல்லாம் எடிட்டிங்தான்" என்று ஒரே வார்த்தையில் கடந்துபோகிறார்கள். முதல் தவறு அதுதான், எனக்கு மனசு கேட்காத தவறும் அதுதான். அந்தக் காலத்துத் தந்திரத்தில் பெரும்பகுதி கேமராவுக்குள்ளேயே முடிந்துவிடும்.

1921-இல் வந்த 'தி பிளேஹவுஸ்' படத்தில் மேடையில் ஒன்பது கீட்டன்கள் வரிசையாக இருப்பார்கள். ஒளிப்பதிவாளர் எல்ஜின் லெஸ்லி லென்சுக்கு முன்னால் ஒன்பது மறைப்புகள் வைத்த பெட்டியைப் பொருத்தினார். ஒரு மறைப்பை மட்டும் திறந்து ஒரு கீட்டனை எடுப்பார். அப்புறம் அதை மூடி, பிலிமைத் தொடங்கிய இடத்துக்கே பின்னால் சுற்றி, அடுத்ததைத் திறப்பார். கேமராவோ கையால் சுற்றுவது. ஒவ்வொரு முறையும் அதே வேகம் வர வேண்டும், கீட்டனும் அதே தாளத்தில் அசைய வேண்டும். எட்டுப் பேர் சரியாக வந்து ஒன்பதாவது ஆள் பிசகினால், மறுபடி முதலிலிருந்துதான்.

ஆனால் இதைக் கண்டுபிடித்ததே கீட்டன் என்று எழுதிவிடாதீர்கள். பிரான்சில் இயக்குநர் ஜார்ஜ் மெலியெஸ் 1900-லேயே ஒரு படத்தில் தானே ஏழு பேராக வந்துவிட்டார்.

இதற்கு நேர்மாறான தவறும் உண்டு: எல்லாமே பொய் என்று நினைப்பது. 'ஒன் வீக்' (1920) படத்தில் புயலில் சுழலும் வீடு, சுழல்மேடை மேல் கட்டிய நிஜ வீடு. கடைசியில் அது தண்டவாளத்தில் சிக்கிக்கொள்ளும். ரயில் வரும். கணவனும் மனைவியும் கண்ணை மூடிக்கொள்வார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடும்! கேமராவை வைத்த கோணம் ஒன்றே நம்மை ஏமாற்றியது. அப்பாடா என்று மூச்சு விடுவதற்குள் எதிர்ப்பக்கத்திலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டை நொறுக்கும். அந்த மோதல் நிஜம். பொய்யையும் மெய்யையும் இப்படி அடுத்தடுத்து வைப்பதில்தான் கீட்டனின் மேதைமை.

வேகத்தை வைத்தும் அவசரப்பட்டு முடிவு கட்டாதீர்கள். துரத்தல் காட்சிகளில் கேமராவை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி எடுத்து, திரையில் விறுவிறுப்பு கூட்டியது உண்மை. ஆனால் எல்லாரும் எந்நேரமும் தடதடவென்று ஓடினால், குறைந்த வேகத்தில் எடுத்த பழைய படத்தை இன்றைய வினாடிக்கு 24 பிரேம் வேகத்தில் ஓட்டியிருக்கிறார்கள் என்று சந்தேகப்படுங்கள்.

அகலத்திரைக்காக மேலும் கீழும் வெட்டிய பிரதிகளைத் தொடவே வேண்டாம். கீட்டன் தலை முதல் கால் வரை தெரிய நின்று விழுகிறவர். காலை வெட்டிவிட்டால், எங்கே தடுக்கியது என்பதே தெரியாது.