இசைக் கல்வியில் முனைவர் பட்டம்: தொடங்குகிறவர்களுக்கு, நான் நடந்த வழி

தஞ்சை மாவட்டத்தில் ஒரு நடுநிலைப் பள்ளியில் இசை ஆசிரியையாக இருக்கிறேன். வேலையை விடாமல் பகுதி நேர ஆய்வாளராகப் பதிவு செய்து, சென்ற ஆண்டு முனைவர் பட்டம் பெற்றேன். கர்நாடக இசையின் தொடக்கப் பயிற்சியான சரளி வரிசையைத் தனியாக ஒரு குழந்தைக்குச் சொல்லித் தரும்போது சுருதி எப்படிச் சேருகிறது, அதையே நாற்பது பேர் உட்கார்ந்திருக்கும் வகுப்பில் சொல்லித் தரும்போது என்ன ஆகிறது என்பதுதான் என் ஆய்வு. பட்டம் வந்த நாள் முதல் வாரத்துக்கு ஒருவராவது, "அக்கா, எங்கிருந்து தொடங்குவது?" என்று கேட்கிறார்கள். அவர்களுக்காக இது. விண்ணப்பம் நிரப்புவது, கட்டணம் கட்டுவது எல்லாம் அந்தந்தப் பல்கலைக்கழகத்தின் அறிவிப்பிலேயே இருக்கிறது. அதைத் தாண்டிய விஷயங்களை மட்டும் சொல்கிறேன்.

படி 1: எந்த வாசல் வழியாக நுழைவது

"இசைக் கல்வி" என்ற பெயரில் தனித் துறை நம் பல்கலைக்கழகங்களில் தேடினாலும் கிடைப்பது அரிது. ஒன்று இசைத் துறை வழியாகப் போக வேண்டும், அல்லது கல்வியியல் துறை வழியாக. இசையில் முதுகலை இருந்தால் முதல் வாசல், எம்.எட். இருந்தால் இரண்டாவது. இரண்டும் கையில் இருப்பவர்கள்தான் குழம்புகிறார்கள். பட்டத்தில் எந்தத் துறையின் பெயர் அச்சாகிறதோ, அதுதான் பின்னாளில் உதவிப் பேராசிரியர் பணிக்கு விண்ணப்பிக்கும்போது பார்க்கப்படும். இசைக் கல்லூரியில் வேலை வேண்டுமா, கல்வியியல் கல்லூரியில் வேண்டுமா என்று இப்போதே யோசித்துவிடுங்கள்.

என்னைக் கேட்டால், பாடவோ வாசிக்கவோ தெரிந்தவர் இசைத் துறையில் பதிவு செய்து, கல்வியியல் துறையிலிருந்து இணை நெறியாளர் ஒருவரைக் கேட்டுப் பெறுவதுதான் நல்லது. விதிகள் அதை அனுமதிக்கின்றன. கல்வியியல் வழியில் போன தோழிகள் சிலருடைய ஆய்வேடுகளில் வினாத்தாள்களும் சதவீத அட்டவணைகளும் நிறைய இருக்கின்றன, பாட்டு எங்கே என்று தேட வேண்டியிருக்கிறது. அவர்கள் எல்லோரும் நன்றாகப் பாடுகிறவர்கள் என்பதால் எனக்கு அது வருத்தமாகவே இருக்கிறது.

சென்னைப் பல்கலைக்கழகத்தின் இந்திய இசைத் துறை, 1929இல் தொடங்கிய அண்ணாமலைப் பல்கலைக்கழகம், 1981இல் தொடங்கிய தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம், 2013இல் தொடங்கிய தமிழ்நாடு டாக்டர் ஜெ. ஜெயலலிதா இசை மற்றும் கவின்கலைப் பல்கலைக்கழகம் ஆகியவற்றின் அறிவிப்புகளை முதலில் பாருங்கள்.

படி 2: தகுதியும் நுழைவும்

பல்கலைக்கழக மானியக் குழுவின் (யுஜிசி) 2022ஆம் ஆண்டு விதிமுறைகள்தான் இப்போது அடிப்படை. முதுகலையில் 55 சதவீதம் வேண்டும். இட ஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 5 சதவீதம் தளர்வு உண்டு. பாடநெறிக் காலத்தையும் சேர்த்துக் குறைந்தது 3 ஆண்டு, அதிகபட்சம் 6 ஆண்டு. மறுபதிவு செய்தால் மேலும் 2 ஆண்டு கிடைக்கும். பெண்களுக்கு அதற்கு மேலும் 2 ஆண்டு சலுகை இருக்கிறது, மகப்பேறு விடுப்பாக 240 நாள் வரை எடுக்கலாம். கைக்குழந்தையோடு தயங்கி நிற்கும் தங்கைகள் இந்த இரண்டு வரிகளையும் குறித்துக்கொள்ளுங்கள். எம்.ஃபில். இப்போது கிடையாது, அதைத் தேடி நாளைக் கழிக்க வேண்டாம்.

நெட் எனப்படும் தேசியத் தகுதித் தேர்வு எழுதுவதைத் தள்ளிப் போடாதீர்கள். 2024 ஜூன் முதல் அந்த மதிப்பெண்ணே முனைவர் பட்டச் சேர்க்கைக்கும் பயன்படுகிறது. இசைப் பாடத்தில் கர்நாடக இசை, இந்துஸ்தானி, ரவீந்திர சங்கீதம், தாள வாத்தியம் எனப் பிரிவுகள் உண்டு. இரண்டு தாள்களும் சேர்த்து 150 கேள்வி, 300 மதிப்பெண், மூன்று மணி நேரம். தவறான விடைக்கு மதிப்பெண் குறைப்பதில்லை, ஆகவே ஒரு கேள்வியையும் விடாதீர்கள். இசைத் தாளின் கேள்விகள் ஆங்கிலத்திலும் இந்தியிலும்தான் வரும். தமிழில் இசை படித்தவர்கள் கலைச்சொற்களின் ஆங்கில வடிவத்தை முன்கூட்டியே பழகிக்கொள்ள வேண்டும்.

வேலையில் இருப்பவர்களுக்குப் பகுதி நேரப் பதிவு உண்டு, ஆனால் பணியிடத்திலிருந்து தடையின்மைச் சான்று வேண்டும். அதில் "பாடநெறிக்குத் தேவைப்பட்டால் பணியிலிருந்து விடுவிக்கிறோம்" என்ற வாசகம் இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். என் முதல் சான்றில் அது இல்லை. திரும்ப வாங்க ஏழு வாரம் ஆனது.

படி 3: நெறியாளர்

இரண்டே விஷயம். ஒன்று, ஓய்வு பெற மூன்று ஆண்டுக்குக் குறைவாக இருப்பவர் புதிய ஆய்வாளரை எடுக்க முடியாது. பேராசிரியர் 8 பேர், இணைப் பேராசிரியர் 6 பேர், உதவிப் பேராசிரியர் 4 பேர் என்று எண்ணிக்கை வரம்பும் இருக்கிறது. பேசப் போகும் முன் காலியிடம் உண்டா என்று துறை அலுவலகத்தில் கேட்டுவிடுங்கள். இரண்டு, அவர் நெறிப்படுத்திய ஆய்வேடு ஒன்றையாவது ஆய்வேடுகளைச் சேர்த்து வைத்திருக்கும் சோத்கங்கா இணையதளத்தில் இறக்கி முழுவதும் படித்துவிட்டுப் போங்கள். பெரிய வித்துவானா என்பதைவிட, உங்கள் ஒலிப்பதிவை உட்கார்ந்து கேட்பாரா என்பது முக்கியம். ஏன் இப்படிச் சொல்கிறேன் என்பது ஆறாம் படியில் தெரியும்.

படி 4: தலைப்பைக் கேள்வியாக்குங்கள்

"கர்நாடக இசைக் கல்வியின் வளர்ச்சி" என்பதுதான் நான் முதலில் கொண்டுபோன தலைப்பு. நெறியாளர் அதைப் படித்துவிட்டு, "இதற்கு விடை தேடத் திங்கட்கிழமை காலையில் எந்த ஊருக்கு, எந்த வகுப்பறைக்குப் போவீர்கள்?" என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை. அன்று முதல் யார் தலைப்போடு வந்தாலும் அதே கேள்வியைத்தான் நானும் கேட்கிறேன்.

போக வேண்டிய இடம் வகுப்பறையாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. பள்ளிப் பாடத்திட்டத்தில் இசை எப்படி நுழைந்தது, எப்படிச் சுருங்கியது என்று கேட்பவர் எழும்பூர் தமிழ்நாடு ஆவணக் காப்பகத்துக்குப் போவார். பழைய பாடமுறைச் சுவடிகளும் அச்சு நூல்களும் தேடுபவருக்குத் தஞ்சை சரசுவதி மகாலும், சென்னையில் உ.வே.சா. நூலகமும் ரோஜா முத்தையா நூலகமும் இருக்கின்றன. இசை கற்பிப்பது பற்றிய பழைய விவாதங்களுக்கு, 1930 முதல் வெளிவரும் மியூசிக் அகாதெமி இதழைப் புரட்டலாம். தெருக்கூத்துப் பயிற்சி உங்கள் விஷயம் என்றால், ஊரில் ஒத்திகை நடக்கும் இரவுகளே உங்கள் ஆய்வுக்களம்.

சரளி வரிசையை நான் எடுத்ததற்குக் காரணம் எளியது. மாயாமாளவகௌளை ராகத்தில் எல்லோரும் தொடங்குகிறார்கள், எல்லாக் குழந்தைக்கும் ஒரே பாடம், ஒப்பிட முடியும். கீர்த்தனையை எடுத்திருந்தால், குருவுக்குக் குரு மாறும் பாடாந்தர வேறுபாட்டிலேயே பாதி ஆய்வு கரைந்திருக்கும்.

படி 5: அனுமதியும் ஒலிப்பதிவும்

அரசுப் பள்ளி என்றால் முதன்மைக் கல்வி அலுவலரிடம் எழுத்துப்பூர்வ அனுமதி, பிறகு தலைமை ஆசிரியர், பிறகு ஒவ்வொரு பெற்றோரின் கையெழுத்து. ஒப்புதல் படிவத்தைத் தமிழில், ஒரே பக்கத்தில் எழுதுங்கள். குழந்தையிடமும் தனியாகக் கேளுங்கள். ஒரு சிறுமி "எனக்கு வேண்டாம் டீச்சர்" என்றாள். அவள் அம்மா கையெழுத்திட்டிருந்தும் அவள் குரலை நான் பதிவு செய்யவில்லை.

ஒலிப்பதிவுக்குக் கைபேசியை நம்பாதீர்கள். அதில் இருக்கும் இரைச்சல் நீக்கும் வசதி குரலையும் சேர்த்துச் சீவிவிடுகிறது. கையடக்க ஒலிப்பதிவுக் கருவி ஒன்றை இரவல் வாங்கியாவது, ஒலியைச் சுருக்காத வேவ் வடிவத்தில் பதிவு செய்யுங்கள். வாட்ஸ்அப்பில் வந்த குரல் பதிவை ஆய்வுத் தரவாக ஏற்கவே கூடாது, அது சுருக்கப்பட்ட ஒலி. ஒவ்வொரு பதிவின் தொடக்கத்திலும் தேதி, குழந்தைக்குக் கொடுத்த எண், சுருதி மூன்றையும் நீங்களே வாயால் சொல்லிவிடுங்கள். முதல் பதினோரு பதிவுகளில் "ஆறு கட்டை" என்று சுருதியின் அளவை நான் சொல்லாமல் விட்டதால் அவை அத்தனையையும் ஒதுக்க வேண்டியதாயிற்று. சுருதிப் பெட்டி குழந்தையின் காதுக்குக் கேட்கும் தூரத்தில் இருக்கட்டும், ஒலிவாங்கி வாயருகே இருக்கட்டும். இரண்டும் ஒரே அளவில் பதிவானால் பின்னால் கணினிக்கு எது குரல், எது சுருதிப் பெட்டி என்று தெரியாது.

படி 6: சுருதியை அளப்பது. இங்கேதான் நான் விழுந்தேன்

ஆம்ஸ்டர்டாம் பல்கலைக்கழகத்தில் உருவான பிராட் என்ற இலவச மென்பொருளைப் பயன்படுத்தினேன். ஒலிப்பதிவைத் திறந்தால் குரலின் சுருதி ஒரு கோடாக ஏறி இறங்குவதைப் பார்க்கலாம். முதன்முதலில் ஒரு குழந்தையின் "ஸ ரி க ம" திரையில் படிக்கட்டாக எழுந்தபோது எனக்குக் கண் கலங்கியது. இருபது வருடமாகக் காதால் மட்டும் அறிந்ததைக் கண்ணால் பார்க்கிறேன்.

சரளியும், ஸ்வரங்களை இரட்டித்துப் பாடும் ஜண்டை வரிசையும் நன்றாகவே போயின. மேல் ஸட்ஜத்தையும் தாண்டி ஏறும் மேல் ஸ்தாயி வரிசைக்கு வந்தபோது 31 குழந்தைகளில் 22 பேருடைய கோடு, மேல் காந்தாரத்துக்கு (மேல் 'க') வந்ததும் திடீரென ஒரு ஸ்தாயி (ஒரு 'ஸ'வுக்கும் அடுத்த 'ஸ'வுக்கும் உள்ள தூரம்) கீழே விழுந்தது. சிலருக்குக் கோடே இல்லை. கூட்டமாகக் கற்கும் குழந்தைகளுக்கு மேல் ஸ்தாயி எட்டவில்லை என்று முடிவு செய்து, அதற்குக் காரணங்களும் சேர்த்து, ஓர் இயல் முழுவதும் எழுதினேன். இரண்டு மாத உழைப்பு.

நெறியாளர் அந்த இயலைப் படித்துவிட்டு வரைபடத்தை ஒதுக்கி வைத்தார். "பதினேழாம் எண் குழந்தையைப் போடுங்கள்" என்றார். கண்ணை மூடிக் கேட்டார். "ஸ ரி க ம ப... பஞ்சமம் வரைக்கும் சுத்தமாகப் போகிறாளே அம்மா. நீங்கள் கேட்டீர்களா?" என்றார். நான் பார்த்திருந்தேன், கேட்கவில்லை.

காரணம் இதுதான். ஆறு கட்டையில் ஆதார ஸட்ஜம் 220 ஹெர்ட்ஸ். மேல் ஸட்ஜம் 440. மேல் ரிஷபம் ஏறத்தாழ 470. மேல் காந்தாரம் 550, மேல் பஞ்சமம் 660. நான் வைத்திருந்த பதிப்பில், நாமாக மாற்றாவிட்டால், சுருதி தேடும் மேல்வரம்பு 500 ஹெர்ட்ஸ் என்று இருந்தது. பேச்சுக் குரலுக்கு அது போதும். மேல் ரிஷபம் வரை வரம்புக்குள் இருந்ததால் சரியாகக் காட்டியது. காந்தாரம் வரம்பைத் தாண்டியதும், அதில் பாதியான 275ஐக் குரலின் சுருதியாக எடுத்துக்கொண்டு கோட்டைக் கீழே இறக்கிவிட்டது. குழந்தைகள் சரியாகத்தான் பாடியிருந்தார்கள்.

ஆகவே செய்ய வேண்டியது: மென்பொருளில் சுருதி அமைப்புக்குள் போய், கீழ்வரம்பை 150, மேல்வரம்பை 1000 என்று மாற்றுங்கள். பிறகு ஒவ்வொரு குழந்தையின் பதிவிலும் மிக உயர்ந்த ஸ்வரம் எது என்று முதலில் காதால் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள், அதன் பிறகே வரைபடத்தைத் திறங்கள். கோடு எங்காவது சரியாக ஒரு ஸ்தாயி குதித்தால், பாடியவரைச் சந்தேகிக்கும் முன் அமைப்பைச் சந்தேகியுங்கள். மீண்டும் 31 பதிவுகளையும் இப்படி அளந்தபோது மேல் ஸ்தாயியில் உண்மையாகத் தடுமாறியவர்கள் நான்கே பேர். நெறியாளர் கேட்டிருக்காவிட்டால், ஒழுங்காகப் பாடிய பதினெட்டுப் பிள்ளைகளைப் பற்றி "இவர்களுக்கு வரவில்லை" என்று அச்சில் ஏற்றியிருப்பேன். அதை நினைத்தால் இன்றும் மனம் பதைக்கிறது.

ஸ்வரத்தை அசைத்துப் பாடும் கமகம் வரும் இடங்களில் ஒரு ஸ்வரத்துக்கு ஓர் எண் என்று எழுதாதீர்கள். அங்கே கோட்டின் வடிவத்தையே படமாகக் கொடுங்கள். படத்துக்கு சோனிக் விஷுவலைசர் என்ற மென்பொருள் எனக்குப் பிடித்தது, அதுவும் இலவசம். எண்களை எடுப்பதற்குப் பிராட்.

படி 7: எழுதுவதும் மேற்கோளும்

ஆய்வேட்டை முதல் நாளிலிருந்தே யூனிகோட் தமிழில் தட்டச்சு செய்யுங்கள். பழைய எழுத்துருவில் எழுதி, கடைசியில் மாற்றியவர்கள் ஒற்றெழுத்துகளைத் தேடி இரவுகளைக் கழித்ததை நேரில் கண்டிருக்கிறேன். மேற்கோள்களைத் தொகுக்கச் சொடேரோ என்ற மென்பொருள் போதும். தமிழ்ப் பெயர்களை இடும்போது பெயர்ப் பெட்டியை ஒற்றைப் பெட்டியாக மாற்றிக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால் முன்னெழுத்தைக் குடும்பப் பெயராக எண்ணி, துணைநூற்பட்டியலைத் தாறுமாறாக அடுக்கும்.

யுஜிசியின் 2018 விதிப்படி பிறர் எழுத்தோடு ஒப்புமை 10 சதவீதத்துக்குள் இருந்தால் சிக்கல் இல்லை. ராக லட்சணம், ஆரோகண அவரோகணம் எல்லாம் யார் எழுதினாலும் ஒன்றுபோலத்தான் இருக்கும். அவற்றைப் பின்னிணைப்புக்குத் தள்ளிவிட்டு, உங்கள் வகுப்பறையை உங்கள் சொற்களில் எழுதுங்கள்.

படி 8: வாய்மொழித் தேர்வு

சுருதிப் பெட்டியை எடுத்துப் போங்கள். அரங்கின் ஒலிபெருக்கியில் என் பதிவுகள் தெளிவாகக் கேட்கவில்லை. புறத்தேர்வாளர், "தனியாகக் கற்ற குழந்தையின் ரிஷபத்துக்கும் வகுப்பில் கற்ற குழந்தையின் ரிஷபத்துக்கும் வித்தியாசம் என்கிறீர்களே, அது என்ன?" என்று கேட்டார். அட்டவணையைக் காட்டாமல் சுருதியைப் போட்டு இரண்டையும் பாடினேன். அடுத்த கேள்விக்குப் போய்விட்டார்.

பின்சேர்க்கை 1: பரதநாட்டிய ஆசிரியை ஒருவர், அடவு கற்பித்தலுக்கு இதே வழி பொருந்துமா என்று கேட்டிருந்தார். பொருந்தும். ஒரு காமிராவை முன்னாலும் ஒன்றைப் பக்கவாட்டிலும் வையுங்கள், முழங்காலை மடித்து நிற்கும் அரைமண்டியின் ஆழம் முன்னாலிருந்து தெரியாது. தாளம் தட்டும் தட்டுக்கழி ஓசை இரண்டு காமிராவிலும் பதிவாகட்டும், பின்னால் இரண்டையும் பொருத்த அந்த ஓசையே போதும்.

பின்சேர்க்கை 2: ஓவிய ஆசிரியர்களுக்கு: குழந்தையின் படத்தைப் புகைப்படம் எடுத்துவிட்டு அசலை அவர்களிடமே கொடுத்துவிடுங்கள். எடுக்கும் முன் படத்தின் பின்புறம் தேதியும் எண்ணும் பென்சிலால் எழுதி, அந்தப் பக்கத்தையும் சேர்த்து எடுங்கள்.

பின்சேர்க்கை 3: மேல்வரம்பை 1000 ஆக்கிய பிறகும் கோடு குதிக்கிறது என்று இரண்டு பேர் எழுதியிருந்தார்கள். ஒருவர் அனுப்பிய பதிவைக் கேட்டேன், சுருதிப் பெட்டி குரலைவிட உரக்க இருந்தது. ஐந்தாம் படிக்குத் திரும்பி, பெட்டியை நகர்த்தி வைத்து, புதிதாகப் பதிவு செய்யுங்கள்.