பழைய விண்டோஸ் கணினியில் விளையாட்டுகளைச் சாளரத்துக்குள் இயக்குவது எப்படி?

மலையகத்தில் பல வீடுகளில் இன்றும் ஓடிக்கொண்டிருப்பவை, கொழும்பில் வேலை பார்க்கும் அண்ணனோ அக்காவோ வாங்கி அனுப்பிய, விண்டோஸ் எக்ஸ்பி அல்லது விண்டோஸ் 7 பதிந்த பழைய கணினிகளே. எக்ஸ்பிக்கான பாதுகாப்பு மேம்படுத்தல்களை மைக்ரோசொஃப்ட் நிறுவனம் 2014 ஏப்ரல் 8ஆம் திகதியும், விண்டோஸ் 7க்கானவற்றை 2020 ஜனவரி 14ஆம் திகதியும் நிறுத்திவிட்டது. ஆகவே இக்கணினிகளை இணையத்தில் இணைக்காமல் வைத்திருப்பதே நல்லது. ஆனால் 1990களிலும் 2000களின் தொடக்கத்திலும் வந்த விளையாட்டுகளுக்கு இந்தப் பணிசெயல் முறைமைகள் நன்றாகவே பொருந்துகின்றன என்பதால், இந்த வேலைக்கென்று புதுக் கணினி வாங்கச் சொல்லும் அறிவுரையை நான் ஏற்பதில்லை.

பழைய விளையாட்டுகள் பெரும்பாலும் முழுத்திரையில்தான் திறக்கும். அப்படித் திறக்கும்போது விளையாட்டு, திரையின் அளவையும் நிறத்தரத்தையும் (எத்தனை நிறங்களைக் காட்டலாம் என்பதை) தன் விருப்பப்படி மாற்றி, திரை முழுவதையும் தன் பொறுப்பில் எடுத்துக்கொள்கிறது. பழைய மொனிட்டரில் அந்த அளவோ புதுப்பிப்பு வேகமோ ஒத்துவராவிட்டால், படத்துக்குப் பதிலாக ‘அவுட் ஒஃப் ரேஞ்ச்’ என்ற செய்தி மட்டும் தெரியும். விளையாட்டு இடையில் உறைந்துவிட்டால், டாஸ்க்பார் கண்ணில் படாததால், மின்பொத்தானை அழுத்தி நிறுத்துவதைத் தவிர வேறு வழியில்லை என்று தொடக்கநிலையாளர்கள் முடிவு செய்துவிடுகிறார்கள். அது பழைய ஹார்ட் டிஸ்க்குக்கு நல்லதல்ல. மடிக்கணினி வைத்திருப்பவர்களுக்கு இன்னொரு காரணமும் உண்டு. மார்ச், ஏப்ரல் மாதங்களிலும் ஒக்டோபர், நவம்பர் மாதங்களிலும் பிற்பகலில் இடி மின்னலுடன் மழை பிடித்து மின்சாரம் நின்றுவிட்டால், மீதமிருக்கும் பேட்டரியைக் காட்டும் சின்னம் முழுத்திரைக்குப் பின்னால் மறைந்திருக்கும். சாளரத்துக்குள், அதாவது டெஸ்க்டொப்பின் மேல் திறக்கும் ஒரு ‘விண்டோ’ பெட்டிக்குள், விளையாடினால் அது எப்போதும் கண்முன்னே இருக்கும்.

முதல் பயிற்சி: பின்போல்

எக்ஸ்பி வைத்திருப்பவர்கள், அதனுடன் சேர்ந்தே வரும் பின்போல் விளையாட்டில் தொடங்கலாம். ஸ்டார்ட் பொத்தானை அழுத்தி, ‘ஓல் புரோகிராம்ஸ்’ பட்டியலில் ‘கேம்ஸ்’ என்பதற்குள் சென்று அதைத் திறந்தால், அது சாளரத்துக்குள்ளேயே திறக்கும். இப்போது எஃப்4 விசையை அழுத்துங்கள். திரை ஒரு கணம் கறுத்து, முழுத்திரையாக மாறும். மீண்டும் அதே விசையை அழுத்தினால் பழைய நிலைக்குத் திரும்பும். அந்த ஒரு கணக் கறுப்பில்தான் திரையின் அளவு மாற்றப்படுகிறது. இதை இரண்டு தடவை செய்து பார்த்தவருக்கு, மற்ற விளையாட்டுகளில் நாம் எதைத் தடுக்கப் போகிறோம் என்பது நன்றாக விளங்கிவிடும்.

விளையாட்டிலேயே வசதி இருக்கிறதா?

வேறு மென்பொருள் தேடுவதற்கு முன்னர், விளையாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போது ஆல்ட் விசையையும் என்டர் விசையையும் சேர்த்து அழுத்திப் பாருங்கள். சில விளையாட்டுகள் அதற்கே சாளரமாக மாறிவிடும். மாறாவிட்டால் விளையாட்டின் ‘ஒப்ஷன்ஸ்’ பகுதியில் ‘வீடியோ’ தொடர்பான அமைப்புகளைப் பாருங்கள். கவுண்டர் ஸ்ட்ரைக் 1.6இல் ‘ரன் இன் அ விண்டோ’ என்ற பெட்டியில் சரி அடையாளம் இட்டால் போதும். 1999இல் வந்த குவேக் 3 அரீனாவில் ‘ஃபுல் ஸ்கிரீன்’ என்பதை ‘ஓஃப்’ ஆக்க வேண்டும்.

ஷார்ட்கட் வழியாகக் கட்டளை கொடுத்தல்

சில விளையாட்டுகளில் பட்டியலில் எந்தத் தெரிவும் இருக்காது; ஆனால் தொடங்கும்போதே ஒரு சிறு கட்டளை கொடுத்தால் சாளரத்தில் திறக்கும். 2002இல் வெளியான வோர்கிராஃப்ட் 3க்கு ‘விண்டோ’ என்ற ஆங்கிலச் சொல்லும், 2000இல் வெளியான டயாப்லோ 2க்கு ‘டபிள்யூ’ என்ற ஒற்றை எழுத்தும் கட்டளையாகும். இரண்டுக்கும் முன்னால், இடைவெளி விடாமல், ஒரு சிறு கோட்டுக் குறி வர வேண்டும் (-window, -w).

இதைச் செய்ய, டெஸ்க்டொப்பில் உள்ள விளையாட்டின் ஷார்ட்கட்டில் வலது கிளிக் செய்து ‘புரோப்பர்ட்டீஸ்’ என்பதைத் தெரிவு செய்யுங்கள். திறக்கும் பெட்டியில் ‘டார்கெட்’ என்ற வரி இருக்கும். அந்த வரியில் விளையாட்டுக் கோப்பின் முழு முகவரி, பெரும்பாலும் இரட்டை மேற்கோள் குறிகளுக்குள், எழுதப்பட்டிருக்கும். கவனம் தேவைப்படும் இடம் இதுதான். கர்சரை வரியின் கடைசிக்குக் கொண்டுசென்று, மூடும் மேற்கோள் குறிக்கு வெளியே நின்று, ஸ்பேஸ் விசையை ஒரு முறை அழுத்தி, அதன் பின்னரே கோட்டுக் குறியையும் கட்டளையையும் தட்டச்சு செய்ய வேண்டும். கட்டளையை மேற்கோள் குறிக்குள்ளே எழுதிவிட்டால், விண்டோஸ் அதையும் கோப்பின் பெயராகவே எடுத்துக்கொண்டு, அப்படியொரு கோப்பு இல்லை என்று மறுத்துவிடும். ‘அப்ளை’, பின்னர் ‘ஓகே’ அழுத்தி, இனிமேல் அந்த ஷார்ட்கட் வழியாகவே விளையாட்டைத் திறக்க வேண்டும். கோப்புறைக்குள் போய் நேரடியாகத் திறந்தால் கட்டளை செயற்படாது.

அதே பெட்டியில் ‘கொம்பேட்டிபிலிட்டி’ என்ற பகுதியும் இருக்கிறது. அதில் 640×480 அளவில் இயக்கும் தெரிவைப் பார்த்ததும், சாளரத்துக்கான வழி இதுதான் என்று பலர் நினைத்துவிடுகிறார்கள். அது டெஸ்க்டொப் முழுவதையுமே அந்த அளவுக்குக் குறைக்கும் தெரிவு. நமக்கு இங்கே உதவாது.

டொஸ் காலத்து விளையாட்டுகள்

பிரின்ஸ் ஒஃப் பெர்சியா போன்ற, விண்டோஸுக்கு முந்திய டொஸ் என்ற முறைமைக்கு எழுதப்பட்ட விளையாட்டுகளுக்கு டொஸ்பொக்ஸ் என்ற இலவச மென்பொருள் வேண்டும். 64 பிட் விண்டோஸில் டொஸ் விளையாட்டுகள் நேரடியாக இயங்கவே மாட்டா என்பதால், அங்கே இது கட்டாயமாகிறது. கொமியூனிகேஷன் கடையிலோ நண்பரின் கணினியிலோ இதைத் தரவிறக்கி, பென்டிரைவில் கொண்டுவந்து, வைரஸ் சோதனை செய்த பின்னர் பதிந்துகொள்ளுங்கள். விளையாட்டைத் தொடங்கிவைக்கும் இயங்கு கோப்பை மவுஸால் இழுத்து டொஸ்பொக்ஸ் ஷார்ட்கட்டின் மேல் விட்டால், எந்தக் கட்டளையும் எழுதாமலே அது சாளரத்தில் திறந்துவிடும்.

சாளரம் சிறிதாகத் தெரிந்தால், ஸ்டார்ட் பட்டியலில் டொஸ்பொக்ஸ் பகுதியில் உள்ள ‘ஒப்ஷன்ஸ்’ கோப்பைத் திறந்து, ‘ஸ்கேலர்’ என்ற வரியில் ‘நோர்மல்2எக்ஸ்’ என்றிருப்பதில் 2ஐ 3 ஆக மாற்றிச் சேமியுங்கள். 320×200 அளவிலான படம் அப்போது 960×600 ஆக விரியும். 1024×768 திரையில் டாஸ்க்பாருக்கும் இடம் மிஞ்சும். விளையாட்டு தலைதெறிக்க ஓடினால் கன்ட்ரோல் விசையுடன் எஃப்11ஐ அழுத்தி வேகத்தைக் குறைக்கலாம், எஃப்12ஐ அழுத்திக் கூட்டலாம். மவுஸ் உள்ளே சிக்கிக்கொண்டால் கன்ட்ரோலும் எஃப்10உம் அதை விடுவிக்கும்.

எதற்கும் மசியாத விளையாட்டுகள்

1999இல் வெளியான ஏஜ் ஒஃப் எம்பயர்ஸ் 2இன் மூலப் பதிப்பு இந்த வகையைச் சேர்ந்தது. இதற்கு டிஎக்ஸ்விண்ட் என்ற இலவச மென்பொருள் உதவும். விளையாட்டுக்கும் விண்டோஸுக்கும் நடுவில் நின்று, முழுத்திரை கேட்டு விளையாட்டு விடுக்கும் கோரிக்கையைப் பிடித்து, அதைச் சாளரமாக மாற்றிக் கொடுப்பதே இதன் வேலை. இப்படி இன்னொரு நிரலுக்குள் தலையிடுவதால், சில வைரஸ் எதிர்ப்பு மென்பொருள்கள் இதைச் சந்தேகித்து எச்சரிக்கும். ஆகவே மூலத் திட்டத்தின் பக்கமான சோர்ஸ்ஃபோர்ஜ் தளத்திலிருந்து மட்டும் இதை எடுங்கள்.

டிஎக்ஸ்விண்ட் திறந்ததும், விளையாட்டின் இயங்கு கோப்பை அதன் வெற்றுப் பட்டியலுக்குள் இழுத்து விடுங்கள். வரும் பெட்டியில் ‘ரன் இன் விண்டோ’ என்பதில் அடையாளம் இருப்பதை உறுதிசெய்து, அகலத்துக்கு 800, உயரத்துக்கு 600 என்று எழுதிச் சேமித்தபின், பட்டியலில் தோன்றும் பெயரை இரட்டைக் கிளிக் செய்யுங்கள். விளையாடி முடிக்கும்வரை டிஎக்ஸ்விண்டை மூடக் கூடாது. இதில் தெரிவுகள் ஏராளம். புதியவர்கள் மற்றவற்றைத் தொடாமல் விடுவதே நல்லது. ஒன்றை மட்டும் தேடி இயக்கிக்கொள்ளுங்கள்: மவுஸ் குறியைச் சாளரத்துக்குள்ளேயே நிறுத்தி வைக்கும் தெரிவு. ஏஜ் ஒஃப் எம்பயர்ஸில் வரைபடத்தை நகர்த்த மவுஸைத் திரையின் ஓரத்துக்குக் கொண்டுபோக வேண்டும். அந்தத் தெரிவு இல்லாவிட்டால் குறி சாளரத்தைத் தாண்டி வெளியே போய்விடும், படையோ நின்ற இடத்திலேயே நிற்கும்.

நிறம் தொடர்பான பிழைச் செய்தி

சாளரத்தில் ஓடும் விளையாட்டு, டெஸ்க்டொப்பின் நிறத்தரத்தையே பயன்படுத்தியாக வேண்டும். 16 பிட் நிறத்துக்காக எழுதப்பட்ட சில விளையாட்டுகள், டெஸ்க்டொப் 32 பிட்டில் இருப்பதைக் கண்டதும் பிழை காட்டி மூடிக்கொள்ளும். எக்ஸ்பியில் டெஸ்க்டொப்பின் வெற்றிடத்தில் வலது கிளிக் செய்து, ‘புரோப்பர்ட்டீஸ்’ சென்று, ‘செட்டிங்ஸ்’ பகுதியில் நிறத்தரத்தை ‘மீடியம் 16 பிட்’ ஆக்குங்கள். விண்டோஸ் 7இல் ‘ஸ்கிரீன் ரெசொலூஷன்’, ‘அட்வான்ஸ்ட் செட்டிங்ஸ்’, ‘மொனிட்டர்’ என்று வரிசையாகச் சென்றால் அதே தெரிவு கிடைக்கும். விளையாட்டு உறைந்தால் கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தி, டாஸ்க் மேனேஜரில் அதன் பெயரைத் தெரிவுசெய்து ‘எண்ட் டாஸ்க்’ கொடுங்கள். விளையாடி முடித்ததும் நிறத்தரத்தை மறக்காமல் 32 பிட்டுக்குத் திருப்பிவிடுங்கள். இல்லாவிட்டால் வீட்டில் அடுத்ததாகப் படம் பார்க்க உட்காருபவருக்கு வானமும் தோலின் நிறமும் பட்டை பட்டையாகத் தெரியும்.